சவப்பெட்டிக் கடை விசிறி

என் ஆட்டோவில் ஏறுகிறவர்கள் முதலில் பார்ப்பது கண்ணாடிக்குப் பக்கத்தில் செருகியிருக்கும் விசிறியைத்தான். தடித்த அட்டை. வைத்தியர் நாக்கை அழுத்திப் பார்க்கும் பலகையைக் கொஞ்சம் நீளமாக்கியது போல ஒரு மரப்பிடி. ஒரு பக்கத்தில் வெள்ளையடித்த பலகைத் தேவாலயமும், அதன் வாசலில் பெரிய தொப்பி போட்ட கறுப்பினப் பெண்கள் நால்வரும். மறுபக்கத்தில் சவப்பெட்டிக் கடை விளம்பரம். ஆமாம், சவப்பெட்டிதான். அமெரிக்காவில் ஏதோ ஓர் ஊரில் இறுதிச் சடங்கு நடத்துகிறவர்கள் தேவாலயத்துக்கு இனாமாக அச்சடித்துக் கொடுத்தது. உங்கள் கடைசிப் பயணத்தை நிம்மதியாக எங்களிடம் விட்டுவிடுங்கள் என்கிற மாதிரி ஒரு வாசகம் அதில் இருக்கிறது. ஆங்கிலம் தெரிந்த பயணிகள் அதை வாசித்த பிறகு வளைவுகளில் கம்பியை இறுக்கிப் பிடித்துக்கொள்வார்கள். சிலர் பாதி வழியிலேயே இறங்கி, "கொஞ்சம் நடந்தா நல்லதுன்னு டொக்டர் சொன்னாரு" என்பார்கள். நானும் நம்பியது போலத் தலையாட்டுவேன்.

அந்த விசிறியைக் கொண்டுவந்தவர் ஒரு பேராசிரியர். கறுப்பினப் பெண்களின் விசுவாசத்தையும், அவர்கள் கடவுளைப் பற்றி யோசிக்கும் விதத்தையும், அவர்களுடைய பாட்டையும் உடுப்பையும் சமையலையும் வாழ்நாள் முழுக்கப் படித்தவர். கண்டிப் பக்கத்துப் பல்கலைக்கழகம் ஒன்றில் ஒரு தவணை பாடம் சொல்லிக்கொடுக்க வந்திருந்தவர், பத்து நாள் மாத்தளைக்கு வருகிறார், தோட்டத்துப் பெண்கள் அம்மனை எப்படிக் கும்பிடுகிறார்கள் என்று அவர்கள் வாயாலேயே கேட்க விரும்புகிறார், ஆட்டோவும் ஓட்டி மொழியும் பெயர்க்க ஓர் ஆள் வேண்டும் என்று அங்கிருந்து சொல்லியனுப்பியிருந்தார்கள். ஆங்கிலமா, தண்ணி பட்ட பாடு என்று நான் நெஞ்சை நிமிர்த்தினேன். என் ஆங்கிலம் சீகிரியா மலைக்கோட்டைப் பக்கம் ஆட்டோ ஓட்டிய காலத்தில் சுற்றுலாப் பயணிகளிடம் பொறுக்கியது. அதில் எத்தனை படிகள் ஏற வேண்டும், குளவி கலைந்தால் எப்படிக் குந்த வேண்டும், கழிப்பறை எந்தப் பக்கம் என்பதெல்லாம் உண்டு. கடவுள் இல்லை. அவர் வர மூன்று நாள் இருந்தது. அகராதி ஒன்றை இரவல் வாங்கி, முதல் எழுத்திலிருந்து மனப்பாடம் செய்ய ஆரம்பித்து, மூன்றாவது எழுத்தைத் தாண்டவில்லை. கடவுளுக்கு ஆங்கிலத்தில் ஏழாவது எழுத்து.

புகையிரத நிலையத்தில் அவருக்காகக் காத்திருந்தபோது செய்ததை நினைத்தால் இன்றும் காது சூடாகிறது. அமெரிக்கப் பேராசிரியர் என்றதும் என் மண்டைக்குள் ஒரு வெள்ளைக்கார அம்மா தொப்பியோடு வந்து உட்கார்ந்துவிட்டார். அவரைத் தேடி மேடையின் இந்தத் தலைக்கும் அந்தத் தலைக்கும் ஓடினேன். செம்மஞ்சள் உடுப்பும், ஒட்ட வெட்டிய நரைமுடியும், தடித்த கண்ணாடியுமாக ஓர் அம்மா பெட்டியின் மேல் உட்கார்ந்து இந்த விசிறியால் விசிறிக்கொண்டிருந்தார். அவரை இரண்டு தடவை தாண்டிப் போனேன். வெளியே ஆட்டோ வரிசையில் இருந்த, நாங்கள் நானா என்று கூப்பிடும் முஸ்லிம் அண்ணன் ஒருவர் வேலியால் எட்டிப் பார்த்துக் கத்தினார்: "டேய், அந்த அம்மா ஒன்னயத்தான் பாத்துக்கிட்டு இருக்காங்க! கண்ண வீட்டுல வச்சிட்டா வந்த?" நான் திரும்பினேன். அடுப்படிச் சட்டியோடு போட்டி போடும் நிறம் எனக்கு. அப்படிப்பட்ட நான் ஒரு கறுப்பு அம்மாவைப் பேராசிரியராக நினைத்துப் பார்க்கவில்லை. அவர் எழுந்து, "இரண்டு தடவை தாண்டிப் போய்விட்டீர்கள். மூன்றாவது தடவையும் போயிருந்தால் நான் நடந்தே வந்திருப்பேன்" என்று சொல்லிச் சிரித்தார். சிரிப்பில் குத்தல் இல்லை. பழகிப்போன ஒரு களைப்பு இருந்தது. அவர் ஆங்கிலத்தில் சொன்னதை எல்லாம் இங்கே என் தமிழில் தருகிறேன். கூட்டாமல், குறைக்காமல். இதைச் சத்தியம் போலச் சொல்வதற்குக் காரணம் உண்டு.

பதற்றம் வந்தால் எனக்கு வாய் மூடாது. தோட்டத்துக்கு ஏறும் வழியெல்லாம் பகிடி விட்டுக்கொண்டே போனேன். கல்யாண வீட்டிலும் கோயில் சாப்பாட்டிலும் வருடக்கணக்காகச் சொல்லிச் சொல்லி மெருகேற்றிய பகிடி ஒன்று என்னிடம் இருந்தது. அதையும் எடுத்துவிட்டேன். "நாம போற தோட்டத்துலதான் எங்க அக்கா கொழுந்து பறிக்குது. ஸ்கூல் மணி அடிச்சா தேயிலைக்குள்ள போய் ஒளிஞ்சுக்கும். சும்மா ஒளிஞ்சிருக்க ஏலாதேன்னு பறிச்சுப் பழகிருச்சு." எல்லோரும் விழுந்து விழுந்து சிரிக்கும் பகிடி. பேராசிரியர் சிரிக்கவில்லை. "உங்கள் அக்காவும் இதை இப்படித்தான் சொல்வாரா?" என்று மட்டும் கேட்டார். எதிரே லொறி வந்ததால் எனக்குப் பதில் சொல்ல வேண்டியிருக்கவில்லை. அந்த லொறிக்காரன் நன்றாக இருக்கட்டும்.

வேலை முடிந்து, கொழுந்து பறிக்கும்போது இடுப்பில் சுற்றும் படங்குத் துணியை அவிழ்த்துவிட்டு, முகம் கழுவிப் பூ வைத்துக்கொண்டு பெண்கள் அம்மன் கோயில் தகரக் கொட்டகைக்கு வந்தார்கள். யாரும் சொல்வதற்கு முன்பே பேராசிரியர் செருப்பைக் கழற்றியிருந்தார். கதிரை போட்டார்கள், அவர் பாயில் உட்கார்ந்தார். "நம்மள மாதிரியே கறுப்பா, லட்சணமா இருக்காங்க" என்று ஒருத்தி சொல்ல, அதை நான் கூச்சத்தோடு மொழிபெயர்க்க, அவர் அந்தப் பெண்ணின் கையைத் தன் கையோடு வைத்துப் பார்த்துவிட்டு, "உங்களைவிட நான் ஒரு படி கூட" என்றார். கொட்டகை சிரித்தது. பிறகு தான் வந்த காரணத்தைச் சொன்னார். "எங்கள் ஆட்களை விலங்கு போட்டுக் கப்பலில் கொண்டுபோனார்கள். உங்கள் ஆட்கள் வந்த கதை வேறு. இரண்டும் ஒன்று என்று சொல்ல நான் வரவில்லை. ஆனால் பிறத்தியார் தோட்டத்தில் குனிந்து நின்ற பெண்கள், நிமிர்ந்து கடவுளிடம் என்ன கேட்டார்கள் என்பதில் எனக்கு ஆசை. கடவுளைப் பற்றி மேடையில் பேசியவர்களின் புத்தகங்கள் எங்கள் நூலகத்தில் நிறைந்து கிடக்கின்றன. பாத்திரம் கழுவிக்கொண்டே கடவுளோடு சண்டை பிடித்தவர்களின் புத்தகம் எங்கே?" இதை நான் தமிழில் சொன்னபோது பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். சண்டை என்ற சொல் அவர்களுக்குப் பிடித்துவிட்டது.

ஒருத்தி பேசத் தொடங்கினாள். பிள்ளைக்கு அம்மை போட்டிருந்த கதை, வேப்பிலை பறிக்கப் போய் வழுக்கி விழுந்த கதை, விழுந்த இடத்திலேயே உட்கார்ந்து அம்மனைத் திட்டிய கதை. முடித்ததும் எல்லோரும் என்னைப் பார்த்தார்கள். நான் தொண்டையைச் செருமிக்கொண்டு, "கடவுள் நல்லவர் என்கிறார்" என்றேன். பேராசிரியர் கண்ணாடிக்கு மேலால் பார்த்தார். "அந்த அம்மா அழுதார், சிரித்தார், எழுந்து நின்று எதையோ காலால் உதைத்தார். கடவுள் நல்லவர் என்று சொல்ல இவ்வளவும் தேவையா?"  அவர் தன் வேலையின் விதியைச் சொன்னார். சுருக்கக் கூடாது. அவர் சொல்கிறார், இவர் சொல்கிறார் என்று சொல்லக் கூடாது. பேசுகிறவர் 'நான்' என்றால் நானும் 'நான்' என்றே சொல்ல வேண்டும். கடைசியில் அதைப் பதிவில் வைத்துக்கொள்ளலாமா என்று பேசியவரிடமே கேட்க வேண்டும். அன்று முதல் நான் மீசையோடு உட்கார்ந்து, "எனக்கு மூன்றாவது பிரசவம் கஷ்டமாக இருந்தது" என்று ஆங்கிலத்தில் சொல்லிக்கொண்டிருந்தேன். நான் என்ன சொல்கிறேன் என்று பள்ளிக்கூடம் போகும் பெண்பிள்ளை ஒருத்தி எடுத்துச் சொன்னதும் கொட்டகை இரண்டு பட்டது. "தம்பி, புள்ளத்தாச்சி வலி எப்படி? தாங்க முடிஞ்சிச்சா?" "இஞ்சித் தேத்தண்ணி போட்டுத் தரவா?" இதற்கு முன் இப்படி ஒரு கூட்டம் நான் பகிடி விடாமலேயே சிரித்ததில்லை.

ஐந்தாம் நாள், சாமி வந்து ஆடுவதைப் பற்றிப் பேச்சு வந்தது. வருகிற ஆராய்ச்சிக்காரர்கள் எல்லோரும் ஆடுகிறவர்களைத்தான் தேடுவார்கள். பேராசிரியரோ, "ஆடுகிறவர் விழாமல் பிடிப்பவர் யார்?" என்று கேட்டார். இந்த விசிறியைத் தூக்கிக் காட்டினார். அவருடைய பெரியம்மா வெள்ளை உடுப்பும் வெள்ளைக் கையுறையுமாகத் தேவாலயத்தில் நிற்பாராம். ஆவி இறங்கித் துள்ளும் பெண்கள் பெஞ்சில் தலையை மோதிக்கொள்ளாமல் இடுப்பில் அணைத்துப் பிடிப்பதும், மயங்கியதும் விசிறுவதும் அவர் வேலை. "வாழ்நாள் முழுக்க மற்றவர்களைப் பிடித்தார். உனக்குக் கடவுள் யார் என்று அவரிடம் ஒருவரும் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை. நான் இதைப் படிக்கத் தொடங்கியபோது அவர் இல்லை" என்றார். நான் மொழிபெயர்த்து முடிப்பதற்குள் எல்லாக் கையும் ஒரே பக்கம் நீண்டது. தூணோரம் உட்கார்ந்திருந்த என் அக்காவின் பக்கம்.

நான் ஆட்டோச் சாவியைத் தேடினேன். காரணம் எனக்கும் அக்காவுக்கும் மட்டும் தெரிந்தது. அப்பா மலையில் விழுந்து இடுப்பு போன வருடம், டவுன் பள்ளிக்கூடத்துக்கு ஒருவரைத்தான் அனுப்ப முடியும் என்றாகிவிட்டது. அக்கா ஒன்பதாம் வகுப்பு, நான் ஐந்து. யார் போவது என்று அப்பா கேட்டார். நான் அழுதேன். அக்கா அழவில்லை. அழாதவள் நின்றுவிட்டாள். அடுத்த திங்கட்கிழமை படங்கு கட்டிக்கொண்டு மலைக்குப் போனாள். அந்தக் கடன் மனதில் குத்தாமல் இருக்கத்தானோ என்னவோ, பின்னாளில் நான் தேயிலைக்குள் ஒளிந்த கதையைக் கட்டினேன். எல்லோரும் சிரித்தார்கள். வாயைப் பொத்திக்கொண்டு அக்காவும் சிரித்தாள். ஆகவே அது கதைதான் என்பதை நானே மறந்துவிட்டேன்.

மறுநாள் அக்கா பேசினாள். சத்தம் போடாமல், கையால் பாயின் ஓரத்தை நீவிக்கொண்டே. "எனக்குப் படிப்பு ஏறலன்னு ஊரே சொல்லும். ஏறிச்சிங்க. கணக்குல நாந்தான் மொதலாவது. தம்பி அழுதான், நான் நின்னுட்டேன். அதுக்கு அவன்கிட்ட கோவமில்ல. ஆத்தாகிட்டதான் கோவம். அவன் அத ஊரெல்லாம் சிரிப்பாச் சொன்னான். நானும் சிரிச்சேன். சிரிச்சிட்டு வந்து ஆத்தா முன்னால நின்னு கேப்பேன், அவனுக்கு வாயக் குடுத்தியே, எனக்கு என்ன குடுத்தன்னு. ஆடுறவங்கள ஏன் புடிக்கிறேன்னு கேட்டாங்களே. புடிச்சிக்கிட்டு இருந்தா எனக்கு வராது. எனக்கு வந்துச்சுன்னா வாயத் தொறந்து எல்லாத்தயும் சொல்லிருவேன். அந்தப் பயந்தான்." கொட்டகையில் பெண்கள் ஒவ்வொருவராகத் தலையைக் குனிந்தார்கள். பதிவுக் கருவியின் சிவப்பு வெளிச்சம் என்னையே பார்த்தது. நான் வாயைத் திறந்தேன். "எனக்குப் படிப்பில் அவ்வளவு விருப்பம் இருக்கவில்லை. அம்மனைக் கும்பிட்டேன். மற்றவர்களுக்கு உதவி செய்வது எனக்குச் சந்தோஷம்" என்று என் ஆங்கிலம் சொன்னது. இலக்கணப் பிழை ஒன்று கூட இல்லாமல் நான் பேசிய ஒரே நாள் அது.

பேராசிரியர் அக்காவின் பக்கம் திரும்பினார். பதிவில் வைத்துக்கொள்ளலாமா என்று கேட்டார், அக்கா தலையாட்டினாள். திரும்பும் வழியில்தான் பேசினார். "நீங்கள் சொன்ன வாக்கியத்தைக் கேட்டால் யாரும் சும்மாதான் இருந்திருப்பார்கள். ஆனால் அந்தப் பெண்கள் எல்லோரும் தலையைக் குனிந்திருந்தார்கள். நான் எழுதுவது புத்தகமாக நிற்கும். உங்கள் அக்காவும் நானும் போன பிறகும் நிற்கும். ஒரு தடவைதான் கேட்பேன். என்னிடம் இருப்பது அவருடைய வார்த்தைதானா?" "ஆமாம்" என்றேன். அந்த வளைவில் ஹேண்டிலை ஒற்றைக் கையால் திருப்பினேன்.

அடுத்த நாள் காலை பேராசிரியரின் விடுதிக்குப் போகப் பலாபத்வலையில் திரும்ப வேண்டியவன், அதைத் தாண்டி வெகுதூரம் போய் நாலந்தாவில் நின்றேன். எப்படி அங்கே போனேன் என்று ஆட்டோவுக்குத்தான் தெரியும். வழியெல்லாம் கணக்குப் போட்டுக்கொண்டு போனேன். புத்தகம் இங்கிலீஷில், அக்காவுக்கு இங்கிலீஷ் தெரியாது, ஆகவே குற்றம் இல்லை. அக்காவுக்கு ஏன் இங்கிலீஷ் தெரியாது என்ற கேள்வி வந்தபோது ஆட்டோவை ஓரம் கட்டினேன். நாற்பத்தெட்டு வயது ஆம்பளை, தெரு ஓரத்தில் ஹேண்டிலைப் பிடித்தபடி மூச்சுவாங்கிக்கொண்டிருந்தேன். இளநீர்க்காரர் ஒருவர் கேட்காமலேயே ஒன்றை வெட்டிக் கையில் கொடுத்தார். என் முகத்தில் சவப்பெட்டிக் களை அப்போதே வந்திருக்க வேண்டும்.

விடுதிக்குப் போய் ஒப்புக்கொண்டேன். திட்டுவார் என்று எதிர்பார்த்தேன். திட்டினால் ஒரு பகிடியால் சமாளித்துவிடலாம். அவர் திட்டவில்லை. "உண்மையான வார்த்தைகளை இப்போது என்னிடம் சொல்லாதீர்கள். அவை என்னுடையவை அல்ல. முதலில் அவரிடம் போங்கள்" என்றார். "தயாராகுங்கள், நானும் வருகிறேன், ஆனால் தூரத்தில் நிற்பேன்" என்று சொல்லி விசிறியை எடுத்துக்கொண்டார். இந்த மாதிரி ஒரு கருணையை அதற்கு முன் நான் பார்த்ததில்லை. தப்பிக்க விடவும் இல்லை, தனியே விடவும் இல்லை.

கொழுந்து நிறுக்கும் இடத்தில் அக்கா வரிசையில் நின்றாள். நான் பக்கத்தில் போய், "அக்கா, நேத்து நீ சொன்னத நான் மாத்திச் சொல்லிட்டேன்" என்றேன்.

"தெரியும்டா."

"எப்படித் தெரியும்? ஒனக்கு இங்கிலீஷ்…"

"இங்கிலீஷ் எதுக்கு? பொய் சொன்னா நீ காதத் தொடுவ. சின்னதுல இருந்தே." கொழுந்துக் கூடையின் தலைக்கயிற்றைச் சரிசெய்துகொண்டு கொஞ்சம் யோசித்தாள். "மறுபடி சொல்றேன். இந்த வாட்டி அந்தம்மாவுக்குச் சொல்றதுக்கு முந்தி தமிழ்ல சொல்லு. 'நான்'னு போட்டு, எல்லாப் பொம்பளைங்க முன்னாடியும். ஒன் வாயால நான் அத ஒருக்கா கேக்கணும்."

அன்று மாலை கொட்டகையில் இடமில்லை. தோட்டத்து வரிசை வீடுகளில் செய்தி லயத்துக்கு லயம் தாவியிருந்தது. அக்கா ஒவ்வொரு வாக்கியமாகச் சொன்னாள்; நான் அதைத் தமிழிலும் பிறகு ஆங்கிலத்திலும் சொன்னேன். "எனக்குப் படிப்பு ஏறிச்சு. கணக்குல நாந்தான் மொதலாவது." அது வரை சரி. "தம்பி அழுதான், நான் நின்னுட்டேன்." அங்கே குரல் உடைந்தது. "அவன் அத ஊரெல்லாம் சிரிப்பாச் சொன்னான்" என்று சொல்ல வாயெடுத்தபோது முழங்கால் என் பேச்சைக் கேட்பதை நிறுத்திவிட்டது. கை நடுங்கியது, பிறகு தோள், பிறகு முழு உடம்பும். பின்வரிசையிலிருந்து ஒரு குரல்: "அடியேய், தம்பிக்கு சாமி வந்துருச்சுடி!" ஒருத்தி வேப்பிலைக்கு ஓடினாள். ஒருத்தி கற்பூரம் தேடினாள். மற்றொருத்தி தன் மகளின் கல்யாணம் எப்போது நடக்கும் என்று என்னிடம் குறி கேட்கவே தொடங்கிவிட்டாள்.

அதற்குள் இரண்டு கைகள் பின்னாலிருந்து என் இடுப்பைச் சுற்றி இறுகின. கொழுந்துக் கறை படிந்த, உரமேறிய கைகள். எத்தனையோ பேரை விழாமல் பிடித்த பிடி. "சாமியுமில்ல, பூதமுமில்ல" என்றாள் அக்கா. "பயம். சின்னதுல இருந்தே இப்புடித்தான். நீ சொல்லுடா, நான் புடிச்சிருக்கேன்." முகத்தில் காற்று பட்டது. பேராசிரியர் எதிரே முழந்தாளிட்டு, தன் பெரியம்மாவைப் போலவே நிதானமாக விசிறிக்கொண்டிருந்தார். என் மூக்குக்கு நேரே சவப்பெட்டிக் கடை வந்து வந்து போனது. அந்த நிலையிலும் எனக்குச் சிரிப்பு வந்தது. சிரிப்பும் அழுகையுமாகக் கடைசி வரி வரை சொல்லி முடித்தேன். ஒரு சொல் குறையவில்லை. கேட்டு முடித்ததும் பேராசிரியர் விசிறியைக் கீழே வைத்தார். பிறகு அக்காவிடம், "இதுதான் இறையியல்" என்றார். அந்தச் சொல்லுக்குத் தமிழ் எனக்கு அப்போது தெரியாது. "சாமியப் பத்தி நீ யோசிச்சது பெரிய படிப்புங்கிறாங்க" என்று சொன்னேன். அக்கா பாயின் ஓரத்தை நீவுவதை நிறுத்தினாள்.

பேராசிரியர் போய் மூன்று வருடம் ஆகிறது. சொன்னபடி, அச்சுக்குப் போகும் முன் அக்காவின் பக்கங்களை அனுப்பியிருந்தார். அவரிடமே வாசித்துக் காட்டுங்கள், அவர் சரி என்றால்தான் சரி என்று ஒரு குறிப்பு. நான் 'நான்' போட்டே தமிழில் வாசித்தேன். அக்கா ஒரே ஒரு திருத்தம் சொன்னாள். "எட்டோட நின்னேன்னு போட்டிருக்கே. ஒம்பதுல ஒரு தவண படிச்சேன். அதப் போடச் சொல்லு." போட்டார். அந்தப் பக்கங்கள் லயத்தில் அவளுடைய ஒற்றை அறைக் காம்பராவில், குடும்ப அட்டையோடு ஒரே உறையில் இருக்கின்றன. போன திருவிழாவில் நான் அவளிடம் கேட்டேன், எல்லாத்தையும் சொல்லியாச்சே, இனிப் பயமில்லையே, நீயும் ஒரு தடவை ஆடலாமே என்று. "சொல்றதுக்கு இனி என்னடா மிச்சம் இருக்கு, எனக்கு வர?" என்றாள். "ஒனக்கு வந்தாச் சொல்லு, புடிக்கிறேன்."

விசிறி உண்மையில் என்னுடையது அல்ல. புறப்படும் நாளில் பேராசிரியர் அதை அக்காவின் கையில்தான் கொடுத்தார். அக்கா எனக்கு இரவல் தந்திருக்கிறாள், என் உடம்பு நிலையை உத்தேசித்து. கோயில் நாட்களில் திருப்பி வாங்கிக்கொள்வாள். வேப்பிலைக் கொத்துகளுக்கு நடுவில், ஆடி மயங்கியவர்களின் முகத்துக்கு நேரே, அந்தத் தொப்பி போட்ட நான்கு பெண்களும் அசைந்துகொண்டிருப்பார்கள். அந்த நாட்களில் என் கண்ணாடிக்குப் பக்கத்தில் இடம் வெறுமையாக இருக்கும். ஏறுகிறவர்கள் நிம்மதியாகச் சாய்ந்து உட்காருவார்கள்; எதுவும் கேட்க மாட்டார்கள். எனக்குத்தான் வாய் சும்மா இருக்காதே. முதல் வளைவிலேயே நானாகச் சொல்லிவிடுவேன்: "எங்க அக்கா நல்லாப் படிச்சவங்க. கணக்குல மொதலாவது." சொல்லும்போது இரண்டு கையும் ஹேண்டிலில்தான் இருக்கும்.